வாசல் இல்லாத வீடுகள்: ஒரு கற்பனை நோயைப் பற்றிய கேள்விக்குப் பதில்

கேள்வி: மதிப்பிற்குரிய டாக்டர் அவர்களுக்கு, நான் என் முதல் நாவலை எழுதிக்கொண்டிருக்கிறேன். கதை முழுவதும் வயதான ஒருவரின் மனத்துக்குள் இருக்கும் 'அகநாடு' என்னும் ஊரில் நடக்கிறது. அங்கே ஒவ்வொரு நினைவும் ஒரு வீடு. விளக்கேற்றும் பெண் ஒருத்தி அந்திதோறும் வீடு வீடாகச் சென்று விளக்கேற்றுகிறாள். நெடுநாள் விளக்கு எரியாத வீடு மணலாகச் சரிந்துவிடும். போன தெரு வழியே திரும்பி வரக் கூடாது என்பது அவளுக்கு உள்ள கட்டுப்பாடு. ஒரு நாள் அவளுக்கு நோய் வருகிறது. வீடுகள் கண்ணுக்குத் தெரிகின்றன, ஆனால் அவற்றின் வாசல்கள் தெரிவதில்லை. இந்த நோய்க்கு 'வாசல்மறதி' என்று பெயர் வைத்திருக்கிறேன். மருத்துவத்தில் இதற்கு ஒப்பான நோய் உண்டா? மூளையின் எந்தப் பகுதியைக் காரணமாகச் சொல்லலாம்? தனக்கு நோய் இருப்பது அவளுக்குத் தெரியுமா? கடைசி அத்தியாயத்தில் அவள் தலையில் அடிபட்டு எல்லாம் சரியாகிவிடுவதாக எழுதியிருக்கிறேன், அது பொருந்துமா? இந்தக் கதை என் தாத்தாவிடமிருந்து பிறந்தது. பக்கவாதம் வந்த பிறகு அவர் தம் இடது கையைப் பார்த்து 'இது யாருடைய கை' என்று கேட்பார். தட்டில் பாதியை உண்டுவிட்டு, எல்லாம் தீர்ந்துவிட்டது என்பார். பிடிவாதம் என்று நினைத்து நாங்கள் கோபித்துக்கொள்வோம். பாட்டி மட்டும் ஒன்றும் பேசாமல் தட்டைத் திருப்பி வைப்பார்.

பதில்: அன்புள்ள வாசகருக்கு, நாவலைப் பற்றிப் பேசுவதற்கு முன் உங்கள் தாத்தாவைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். அவர் பிடிவாதம் பிடிக்கவில்லை. நீங்கள் எழுதியிருக்கும் இரண்டு அடையாளங்களும் வலப்பக்க மூளையில் ஏற்படும் பக்கவாதத்தின் தெளிவான அடையாளங்கள். இடப்பக்கத்தில் உள்ள எதுவும், அது தட்டின் பாதியாக இருந்தாலும் தம் சொந்தக் கையாக இருந்தாலும், அவருடைய கவனத்துக்குள் வராமல் போயிருக்கிறது. கண் பார்க்கும், கை இருக்கும், ஆனால் அந்தப் பக்கம் என்று ஒன்று இருப்பதே மனத்துக்கு எட்டாது. நரம்பியலில் இதை ஒருபக்கப் புறக்கணிப்பு என்கிறோம். 'புறக்கணிப்பு' என்ற சொல்லில் வேண்டுமென்றே ஒதுக்குவது போன்ற ஒரு தொனி இருப்பது எனக்கு எப்போதும் உறுத்தலாகவே இருக்கிறது, ஏனென்றால் நோயாளி எதையும் ஒதுக்குவதில்லை. ஒதுக்குவதற்கு அங்கே ஏதோ ஒன்று இருப்பதாக அவருக்குத் தெரிந்தால்தானே ஒதுக்க முடியும்? இதை அறியாமல் குடும்பத்தார் கோபப்படுவது மிகவும் இயல்பு. உங்கள் வீட்டில் நடந்ததற்காக நீங்கள் இன்று வருந்த வேண்டியதில்லை.

இனி உங்கள் முதல் கேள்வி. வாசல்மறதி என்ற பெயரில் நோய் எதுவும் கிடையாது. ஆனால் அது நம்பும்படியாக இருக்கிறதா என்று கேட்டால், இருக்கிறது என்றே சொல்வேன். மூளை நோய்கள் நடந்துகொள்ளும் முறையில் ஓர் ஒழுங்கு உண்டு. அவை ஒன்றை எடுத்துக்கொண்டு, அதற்கு ஒட்டினாற்போல் இருக்கும் மற்றதைத் தொடாமல் விட்டுவிடும். 1983இல் ஜோசப் ட்ஸீல் என்ற ஜெர்மானிய ஆய்வாளரும் அவருடைய குழுவினரும் ஒரு பெண்ணைப் பற்றி எழுதினார்கள். அவரால் நிறத்தையும் உருவத்தையும் பார்க்க முடிந்தது, அசைவை மட்டும் பார்க்க முடியவில்லை. கோப்பையில் தேநீர் ஊற்றும்போது அது உறைந்த பனியாறு போல நின்ற நிலையிலேயே தெரிந்தது. கோப்பையில் தேநீர் ஏறுவது தெரியாததால், எப்போது நிறுத்த வேண்டும் என்பது அவருக்குத் தெரியவில்லை. அடுத்த ஆண்டு, 1984இல், எலிசபெத் வாரிங்டனும் டிம் ஷாலிஸும் விவரித்த நோயாளிகள் சிலருக்கு உயிருள்ளவற்றைப் பற்றிய அறிவு பெருமளவு அழிந்திருந்தது, உயிரற்ற பொருள்களைப் பற்றிய அறிவு ஏறக்குறைய அப்படியே இருந்தது. அசைவு போய் நிறம் தங்கலாம், விலங்கின் பெயர் போய்ச் சுத்தியலின் பெயர் தங்கலாம் என்றால், வாசல் போய்ச் சுவர் தங்குவதை வாசகர் ஏற்கத் தயங்க மாட்டார்.

ஆகவே உங்கள் நோயைப் பற்றி நான் முதலில் கேட்பது, அவள் எதை இழந்தாள் என்பதை அல்ல, எது அவளிடம் மிஞ்சியிருக்கிறது என்பதைத்தான். அவளுக்குச் சன்னல் தெரிகிறதா? பெட்டியின் மூடி, புத்தகத்தின் அட்டை, கிணற்றின் வாய் ஆகியவையும் ஒருவகையில் வாசல்தானே, அவை தெரிகின்றனவா? திறந்து கிடக்கும் வாசலும் மூடிய வாசலும் ஒன்றுபோலவே மறைகின்றனவா? 'வாசல்' என்ற சொல்லை அவளால் சொல்ல முடிகிறதா, வேறு யாரேனும் சொன்னால் பொருள் புரிகிறதா? இந்தக் கேள்விகள் ஒவ்வொன்றுக்கும் நீங்கள் ஒரு முடிவு எடுத்து, அந்த முடிவைக் கடைசிப் பக்கம் வரை மாற்றாமல் வைத்திருந்தால் நோய் உயிர்பெறும். தேவைப்படும் இடத்தில் ஒன்று தெரிவதும் தேவைப்படாத இடத்தில் அதே ஒன்று மறைவதுமாக எழுதினால், மருத்துவம் அறியாத வாசகருக்குக்கூட ஏதோ இடறும்.

இப்போது உங்கள் கதைக்கு மிக நெருக்கமான ஓர் ஆய்வைச் சொல்கிறேன். 1978இல் இத்தாலியின் மிலான் நகரில் எடோர்டோ பிஸியாக், கிளாடியோ லுட்ஸாட்டி என்ற இருவர் உங்கள் தாத்தாவைப் போலவே இடப்பக்கம் எட்டாமல் போன இரண்டு நோயாளிகளிடம் ஒரு சோதனை செய்தார்கள். அந்நகரத்தின் நடுவே பேராலயச் சதுக்கம் இருக்கிறது. நோயாளிகள் இருவருக்கும் அது நன்கு பழகிய இடம். பேராலயத்தை நோக்கிச் சதுக்கத்தின் மறுகோடியில் நிற்பதாக மனத்தில் எண்ணிக்கொண்டு, சுற்றிலும் என்னென்ன கட்டடங்கள் இருக்கின்றன என்று சொல்லச் சொன்னார்கள். நோயாளிகள் வலப்பக்கத்துக் கட்டடங்களைச் சொன்னார்கள், இடப்பக்கத்தில் இருந்தவை பெரும்பாலும் விடுபட்டன. அடுத்து, பேராலயத்தின் வாசலில் நின்று சதுக்கத்தைப் பார்ப்பதாக எண்ணிக்கொள்ளச் சொன்னார்கள். இப்போது, சற்றுமுன் விடுபட்ட அதே கட்டடங்கள் வலப்பக்கத்துக்கு வந்துவிட்டதால் அவற்றை வரிசையாகச் சொன்னார்கள். முதலில் சொன்னவை இடப்பக்கத்துக்குப் போய்விட்டதால் அவை விடுபட்டன.

இதை ஒருமுறைக்கு இருமுறை எண்ணிப் பாருங்கள். அங்கே கண்முன் சதுக்கம் இல்லை. இருந்தது நினைவில் உள்ள சதுக்கம் மட்டுமே. அதன் எல்லாக் கட்டடங்களும் நினைவில் பத்திரமாக இருந்தன என்பதை இரண்டு முறை சொன்னவற்றையும் சேர்த்துப் பார்த்தால் தெரிந்துகொள்ளலாம். எதுவும் அழியவில்லை. மனத்துக்குள் எந்தப் பக்கம் பார்த்து நிற்கிறார் என்பதைப் பொறுத்து, பாதி ஊர் திறந்தது, பாதி ஊர் மூடிக்கொண்டது. அதைவிட வியப்பு, இரண்டு பட்டியல்களும் முரண்படுவது நோயாளிக்கு உறுத்தவில்லை என்பது. நான் மாணவனாக இருந்தபோது இந்த ஆய்வை முதன்முதலாகப் படித்த அன்று, மனத்துக்குள் ஓர் ஊர் இருக்கிறது என்று சொல்வது வெறும் உவமை அல்ல என்று உணர்ந்தேன். அந்த ஊருக்கு வலம் இடம் உண்டு, அங்கே நிற்பவருக்கு ஒரு முகமும் ஒரு முதுகும் உண்டு.

தமிழில் 'இடம்' என்ற சொல் இருக்கும் தலத்தையும் குறிக்கிறது, இடப்பக்கத்தையும் குறிக்கிறது. 'அகம்' என்ற சொல் மனத்தையும் வீட்டையும் ஒருசேரக் குறிக்கிறது. உங்கள் நாவலின் ஊருக்கு அகநாடு என்று பெயர் வைத்தபோது இந்த இரண்டாம் பொருளை நீங்கள் அறிந்தே வைத்திருப்பீர்கள். முதல் சொல்லையும் பயன்படுத்திக்கொள்ளுங்கள் என்பது என் வேண்டுகோள். இடம் தொலைத்தவளின் கதையை எழுதுவதற்கு இதைவிடப் பொருத்தமான மொழி கிடைக்காது.

மூளையின் எந்தப் பகுதி என்ற கேள்விக்கு வருகிறேன். இங்கே நீங்கள் முதலில் ஒன்றைத் தீர்மானிக்க வேண்டும்: நோய் விளக்கேற்றும் பெண்ணுக்கா, அவள் வாழும் மனத்துக்கு உரிய அந்த முதியவருக்கா? உங்கள் கடிதத்தில் இது தெளிவாக இல்லை, நாவலிலும் தெளிவாக இருக்காது என்று அஞ்சுகிறேன். அவளுக்குத் தனியாக மூளை இல்லை, அவளே அவருடைய மனத்தின் ஒரு செயல்தான் என்றால், அவரைத் தாக்கிய பக்கவாதத்தை அவள் வாசல் மறைவதாக அனுபவிக்கிறாள் என்று வைத்துக்கொள்வதே பொருந்தும். அப்படியானால் பாதிக்கப்பட்ட பகுதி வலப்பக்க மூளையில், காதுக்கு மேலும் சற்றுப் பின்னுமாக இருக்கும் பெரைட்டல் மடலின் கீழ்ப்பகுதியும் அதை ஒட்டிய டெம்பொரல் மடலும் என்று சொல்லலாம். வலப்பக்க மூளை நம்மைச் சுற்றியுள்ள இரண்டு பக்கங்களையும் கவனித்துக்கொள்கிறது என்றும், இடப்பக்க மூளை வலப்பக்கத்தை மட்டுமே கவனிக்கிறது என்றும் ஒரு விளக்கம் உண்டு. அதனால்தான் இடப்பக்க மூளை பாதிக்கப்பட்டால் வலம் இந்த அளவுக்குத் தொலைவதில்லை, வலப்பக்க மூளை பாதிக்கப்பட்டால் இடம் அடியோடு தொலைந்துபோகிறது.

இதை நினைவு அழியும் நோயோடு கலந்துவிடாதீர்கள். அது வேறு கதை. 1953இல் கடுமையான வலிப்பு நோய்க்காக ஹென்றி மொலைசன் என்ற அமெரிக்கருக்கு மூளையின் இரு பக்கமும், புதிய நினைவுகளைப் பதிக்க உதவும் ஹிப்போகேம்பஸ் என்ற உறுப்பின் பெரும்பகுதியை அறுவை செய்து நீக்கினார்கள். அப்போது அவருக்கு வயது 27. 2008இல் அவர் இறக்கும்வரை, நடந்த எதையும் சில நிமிடங்களுக்கு மேல் அவரால் நினைவில் நிறுத்த முடியவில்லை, ஆனால் இளமைக்கால நினைவுகள் இருந்தன. உங்கள் மொழியில் சொன்னால், பழைய வீடுகள் நின்றன, புதிய வீடு எதுவும் கட்டப்படவில்லை. உங்கள் வாசல்மறதி அப்படியல்ல. வீடு நிற்கிறது, போகும் வழிதான் இல்லை. நீங்கள் எழுதியிருக்கும் மணல் சரிவு நிகழ வேண்டுமானால், அது நோயின் நேரடி விளைவாக இல்லாமல், நெடுநாள் யாரும் உள்ளே போகாததன் விளைவாக நிகழட்டும். அந்த இரண்டுக்கும் இடையிலுள்ள கால இடைவெளியில்தான் உங்கள் கதைக்கான பதற்றம் இருக்கிறது.

நினைவுகளை வீடுகளாக்கியதைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். நீங்கள் அதை அழகுக்காகச் செய்திருக்கலாம், ஆனால் மூளையே அப்படித்தான் அமைந்திருக்கிறது. மொலைசன் இழந்த அதே ஹிப்போகேம்பஸில், எலி ஒரு குறிப்பிட்ட இடத்துக்கு வரும்போது மட்டும் துடிக்கும் செல்கள் இருப்பதை ஜான் ஓ'கீஃப் 1971இல் தெரிவித்தார். அதற்கு அடுத்திருக்கும் பகுதியில், தரை முழுவதையும் ஒழுங்கான கட்டங்களாகப் பிரித்து அளப்பதுபோல் இயங்கும் செல்களை மே-பிரிட் மோசர், எட்வர்ட் மோசர் ஆகியோரின் குழு 2005இல் அறிவித்தது. மூவருக்கும் 2014இல் நோபல் பரிசு கிடைத்தது. நடந்ததை நினைவில் வைப்பதற்கும் நடந்த இடத்தை அறிவதற்கும் மூளை பெரும்பாலும் ஒரே உறுப்பைத்தான் நம்பியிருக்கிறது. அதனால் உங்கள் அகநாட்டில் தெருக்களின் அமைப்பை முதல் அத்தியாயத்துக்கு முன்பே ஒரு தாளில் வரைந்து வைத்துக்கொள்ளுங்கள். எந்த வீடு எந்தத் தெருவின் எந்தப் பக்கத்தில் இருக்கிறது என்பது உங்களுக்கு உறுதியாகத் தெரிந்திருக்க வேண்டும். காரணம் பின்னால் வரும்.

தனக்கு நோய் இருப்பது அவளுக்குத் தெரியுமா என்பதே நீங்கள் கேட்டவற்றில் முக்கியமான கேள்வி. என் பதில், தெரியாது என்பதே. 1899இல் கேப்ரியல் ஆன்டன் பார்வையை முற்றிலும் இழந்தும் அதை உணராத நோயாளியைப் பற்றி எழுதினார். 1914இல் ஜோசப் பாபின்ஸ்கி, ஒரு பக்கம் செயலிழந்திருப்பதை அறியாத நோயாளிகளின் நிலைக்குத் தனியே ஒரு பெயர் சூட்டினார். தமிழில் நாம் அதை நோயுணராமை எனலாம். இது மறைப்பதோ, மனம் உடைந்துவிடாமல் இருக்கத் தன்னைத் தானே தேற்றிக்கொள்வதோ அல்ல. கவனிக்கும் கருவியே பழுதுபட்டால், பழுதைக் கவனிப்பது எது?

படுக்கையருகே நாங்கள் செய்யும் ஒரு சிறு சோதனையைச் சொல்கிறேன். ஒரு வெள்ளைத் தாளில் வட்டம் வரைந்து கொடுத்து, கடிகாரம்போல் எண்களை எழுதச் சொல்வோம். நோயாளி பென்சிலை வாங்கிக்கொண்டு, அவசரம் இல்லாமல், மேலே 12 என்று எழுதுவார். பிறகு 1, 2, 3 என்று வலப்பக்கமாக இறங்குவார். 6 அடியில் வரவேண்டும், ஆனால் வலப்பக்கத்திலேயே இடம் நெருங்கிவிடும். 7, 8, 9 என்று எண்கள் ஒன்றன்மேல் ஒன்று ஏறிச் சிறுத்துக்கொண்டே போகும். சிலர் பன்னிரண்டையும் வலப்பாதியிலேயே அடைத்துவிடுவார்கள், சிலர் ஆறோடு நிறுத்திவிடுவார்கள். வட்டத்தின் இடப்பாதி வெறுமையாகக் கிடக்கும். பிறகு தாளை நம்மிடம் நீட்டி, சரியாக இருக்கிறதா என்றுகூடக் கேட்காமல், முடிந்தது என்பார். அந்த முகத்தில் தயக்கம் இருக்காது. புதிதாகப் பயிற்சிக்கு வரும் இளம் மருத்துவர்களை அந்த வெற்றுப் பாதியைவிட, அந்தத் தயக்கமின்மைதான் அசைத்துவிடும்.

ஆகவே உங்கள் கதைமாந்தர் 'ஐயோ, வாசலைக் காணோமே' என்று தெருவில் நின்று அழும் காட்சி ஏதேனும் இருந்தால் அதை நீக்கிவிடுங்கள் என்று சொல்வேன். அவளுக்கு வாசல் காணாமல் போகவில்லை. அந்த வீட்டுக்கு வாசல் இருந்ததே இல்லை. ஏன் விளக்கேற்றவில்லை என்று யாரேனும் கேட்டால், 'அந்த வீட்டில் ஆள் இல்லை' என்றோ 'அந்த வீட்டுக்காரர்கள் விளக்கு வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள்' என்றோ 'அதை இன்னும் கட்டி முடிக்கவில்லையே' என்றோ இயல்பாகப் பதில் சொல்வாள். மூளையில் ஓர் ஓட்டை விழுந்தால், மிஞ்சிய மூளை அதைக் கதையால் அடைத்துவிடும். அந்தக் கதை பொய் அல்ல, ஏனென்றால் சொல்பவர் அதை முழுதாக நம்புகிறார். உங்கள் தாத்தாவிடம் 'இது உங்கள் கைதான்' என்று யாரேனும் வற்புறுத்தியிருந்தால், அது மருத்துவருடைய கை என்றோ பக்கத்தில் இருப்பவருடைய கை என்றோ பதில் சொல்லியிருக்கக்கூடும். பலர் அப்படிச் சொல்வதை நாங்கள் கேட்டிருக்கிறோம். 1903இல் ஆர்னால்ட் பிக் விவரித்த ஒரு நோயாளி, தாம் இருக்கும் மருத்துவமனையைப் போலவே இன்னொன்று வேறோர் இடத்தில் இருப்பதாக உறுதியாக நம்பினார். ஓர் இடம் இரண்டாகிப்போகும் அந்த நிலை உங்கள் கதையில் துணைப் பாத்திரம் ஒருவருக்கு வந்தால் நன்றாக இருக்கும், ஆனால் விளக்கேற்றுபவளுக்கே எல்லா நோயையும் கொடுத்துவிடாதீர்கள்.

ஆனால் அவள் அறியாததை அவளுக்குள் ஏதோ ஒன்று அறிந்திருக்கலாம். ஜான் மார்ஷலும் பீட்டர் ஹாலிகனும் 1988இல் வெளியிட்ட சோதனை ஒன்றில், இடப்பக்கம் எட்டாத ஒரு பெண்மணிக்கு இரண்டு வீடுகளின் படங்களைக் காட்டினார்கள். இரண்டும் ஒன்றுபோல் இருக்கும், ஒன்றின் இடப்பக்கத்தில் மட்டும் தீ எரிந்துகொண்டிருக்கும். இரண்டு வீடும் ஒன்றுபோலவே இருக்கின்றன என்றுதான் அவர் சொன்னார். எந்த வீட்டில் குடியிருக்க விரும்புவீர்கள் என்று கேட்டபோது, இரண்டும் ஒன்றாக இருக்கும்போது இது பொருளற்ற கேள்வி என்றார். ஆனாலும் வற்புறுத்திக் கேட்டபோது, பெரும்பாலான முறை தீ இல்லாத வீட்டையே தேர்ந்தெடுத்தார். பார்க்காத தீ அவருடைய தேர்வைத் தொட்டிருக்கிறது. வீடுகளைப் பற்றி எழுதும் உங்களுக்கு இதைவிட நெருக்கமான ஒரு சான்றை என்னால் தர முடியாது. வாசல் இல்லை என்று சொல்லும் அதே வீட்டின் முன்னால் அவள் கால்கள் ஒரு கணம் தயங்கட்டும். காரணம் அவளுக்குத் தெரிய வேண்டாம், நீங்களும் விளக்க வேண்டாம்.

இனி அந்தக் கடைசி அத்தியாயம். தலையில் அடிபட்டு எல்லாம் திரும்பி வருவதாக எழுதாதீர்கள். கதைகளில் நெடுங்காலமாக வந்துகொண்டிருப்பதால் பலர் இதை உண்மை என்றே நம்புகிறார்கள். பழுதுபட்ட மூளையில் இரண்டாவது அடி இரண்டாவது பழுதைத்தான் உண்டாக்கும். விபத்தில் நினைவு இழந்தவருக்கு நினைவு திரும்பும்போதுகூட, ஒரே நொடியில் மின்விளக்கு போட்டதுபோல் திரும்பாது. பொதுவாகப் பழையவை முதலிலும் அண்மையவை பின்னருமாக மெல்ல வந்து சேரும், அடிபடுவதற்குச் சற்றுமுன் நடந்தவை பெரும்பாலும் வராமலே போகும்.

திடீரென்று திரும்பி வருவதுதான் உங்களுக்கு வேண்டுமென்றால், உண்மையிலேயே அப்படி ஒன்று உண்டு, ஆனால் அது நிலைப்பதில்லை. இந்த நோயாளிகளின் இடது காதில் குளிர்ந்த நீரைச் செலுத்தினால், உடல் சமநிலையைக் காக்கும் உட்காது தூண்டப்பட்டு, கவனம் இடப்பக்கமாகத் திரும்புகிறது. அதுவரை எட்டாத பக்கம் சில நிமிடங்களுக்கு எட்டுகிறது. பிரான்ஸில் நடந்த ஆய்வு ஒன்றில், மனக்கண்ணால் நாட்டு வரைபடத்தைப் பார்த்து ஊர்களைச் சொல்லும்போது விடுபட்டுக்கொண்டிருந்த பாதிகூட இப்படித் தற்காலிகமாகத் திரும்பியது. கை செயலிழந்ததை மறுத்துவந்தவர், அந்தச் சில நிமிடங்களில், ஆம், செயலிழந்துதான் இருக்கிறது என்று ஒப்புக்கொள்வதும் உண்டு. வி. எஸ். ராமச்சந்திரன் 1990களில் விவரித்த ஒரு நோயாளி, நீரின் விளைவு தீர்ந்தபின் மீண்டும் மறுத்ததோடு, தாம் ஒப்புக்கொண்டதையே நினைவில் வைத்திருக்கவில்லை. (காதுச் சவ்வின் நிலையைப் பார்த்த பிறகு மருத்துவர் மட்டுமே செய்ய வேண்டியது இது. வீட்டில் யாரும் முயன்றுவிடக் கூடாது.) உங்கள் நாவலில் ஒரு மழைக்காட்சி வரட்டும். சாய்ந்து அடிக்கும் மழையில் அவள் இடப்பக்கம் நனைய, சில நிமிடங்களுக்கு அந்தத் தெருவின் எல்லா வாசல்களும் அவளுக்குத் தெரியட்டும். எத்தனை வீடுகளை இத்தனை நாளாக இருட்டில் விட்டோம் என்று அவள் அறியும் நேரமும் அந்தச் சில நிமிடங்கள்தான். மழை நின்றதும் அவள் அதை மறந்துவிடுவாள். வாசகர் மறக்க மாட்டார்.

நிலைக்கும் மாற்றம் மெதுவாகத்தான் வரும். 1998இல் ஈவ் ரோசெட்டியின் குழு, பார்ப்பதையெல்லாம் வலப்பக்கமாக நகர்த்திக் காட்டும் பட்டகக் கண்ணாடியை நோயாளிகளுக்கு அணிவித்து, எதிரே இருக்கும் புள்ளிகளை விரலால் சுட்டச் சொன்னது. முதலில் விரல் தவறி வலப்பக்கம் போகும், பிறகு கை தானாகவே திருத்திக்கொள்ளும். கண்ணாடியைக் கழற்றிய பிறகு அந்தத் திருத்தம் எஞ்சி நின்று, அவர்களை இடப்பக்கமாக இழுத்தது. கண்ணாடி அணிந்திருந்தது சில நிமிடங்கள்தான், பலன் மணிக்கணக்கில் நீடித்தது. எல்லோருக்கும் ஒரே அளவு பலன் தருவதில்லை என்றாலும், நோயை அறியாதவரைக்கூட அவருடைய கையின் வழியாகச் சரிசெய்ய முடியும் என்பதை இது காட்டுகிறது. 'இடப்பக்கம் பாருங்கள்' என்று ஆயிரம் முறை சொன்னாலும் பயன்படாத இடத்தில், கை தானாகக் கற்றுக்கொள்வது பயன்படுகிறது.

ஆனால் உங்கள் நாவலுக்குக் கண்ணாடியும் தேவையில்லை. போன தெரு வழியே திரும்பி வரக் கூடாது என்ற கட்டுப்பாட்டை நீங்கள் போகிறபோக்கில் எழுதியிருப்பதாகத் தோன்றுகிறது. கதையின் உயிர்நாடியே அதுதான். மிலான் நோயாளிகளை நினைத்துக்கொள்ளுங்கள். விளக்கேற்றுபவள் ஒரு தெருவில் வடக்கு நோக்கிப் போகும்போது அவளுடைய வலப்பக்க வீடுகளுக்கு வாசல் இருக்கும், இடப்பக்க வீடுகளுக்கு இருக்காது. அவள் அதே தெருவில் தெற்கு நோக்கித் திரும்பினால், இருட்டில் கிடந்த வரிசை வலப்பக்கத்துக்கு வந்து வாசல்களோடு நிற்கும். ஆனால் திரும்பக் கூடாது என்று ஊர்க் கட்டுப்பாடு இருக்கிறது, அதனால் பாதி அகநாடு மணலாகிக்கொண்டிருக்கிறது. தெருக்களைத் தாளில் வரைந்து வைத்துக்கொள்ளுங்கள் என்று சொன்னது இதற்காகத்தான். எந்த நினைவை அந்த முதியவர் எப்போதும் இடப்பக்கம் வைத்தே கடந்து போகிறார் என்பதை நீங்கள் முடிவு செய்துகொள்ளலாம்.

அப்படியானால், யார் அவளைத் திரும்பச் சொல்வது? அவளாகத் திரும்ப மாட்டாள், அவளுக்குத்தான் எல்லாம் சரியாக இருக்கிறதே. உங்கள் கைப்பிரதியில் மருத்துவர் பாத்திரம் ஒன்று இருக்குமானால், அவர் வந்து நோயை விளக்கி அவளைத் திருத்துவதாக எழுத வேண்டாம். விளக்கத்தால் இந்த நோய் அசைவதில்லை என்பதை ஒவ்வொரு நாளும் பார்க்கிறவனாக இதைச் சொல்கிறேன். கூட நடக்கும் ஒருவர், வாதிடாமல், தெருவின் முனையில் அவள் தோளைப் பிடித்துத் திருப்பிவிட வேண்டும்.

இரண்டு சிறு செய்திகள் மிச்சம் இருக்கின்றன. நோய் எவ்வளவு வேகத்தில் வந்தது என்பது அதன் காரணத்தைச் சொல்லிவிடும். நொடிகளில் வந்தால் பக்கவாதம் அல்லது வலிப்பு, வாரக்கணக்கில் வளர்ந்தால் கட்டி அல்லது அழற்சி, ஆண்டுக்கணக்கில் ஊர்ந்து வந்தால் மூளைத் தேய்வு என்றுதான் நாங்கள் முதலில் எண்ணுவோம். நீங்கள் 'ஒரு நாள்' என்று எழுதியிருப்பதால் பக்கவாதமே பொருந்தும். மற்றொன்று நாவலைச் சேர்ந்தது அல்ல, இதைப் படிக்கும் எல்லோருக்கும் உரியது. வலப்பக்க மூளையில் பக்கவாதம் வந்தவர் தமக்கு ஒன்றும் இல்லை என்றே சொல்லக்கூடும் என்பதால், அவர் சொல்லை நம்பிக் காத்திருக்கக் கூடாது. முகம் கோணினாலோ, ஒரு கை தளர்ந்தாலோ, பேச்சு குழறினாலோ, அவர் மறுத்தாலும் உடனே மருத்துவமனைக்கு அழைத்துச் செல்லுங்கள். இரத்தக் கட்டியைக் கரைக்கும் மருந்தைப் பொதுவாக முதல் நான்கரை மணி நேரத்துக்குள் கொடுக்க வேண்டும்.

உங்கள் பாட்டி நலமாக இருப்பார் என்று நம்புகிறேன். இருந்தால், அவரிடம் போய் உட்காருங்கள். தட்டைத் திருப்பி வைக்க வேண்டும் என்று அவருக்கு யார் சொன்னது, முதல்முறை திருப்பியபோது தாத்தா என்ன செய்தார், திருப்பிய பிறகு தட்டில் மீண்டும் ஒரு பாதி மிஞ்சியதா, அப்போது என்ன செய்தார் என்று கேட்டு, அவர் சொல்லும் சொற்களிலேயே எழுதிக்கொள்ளுங்கள். கடைசி அத்தியாயத்தை அதன் பிறகு தொடங்குங்கள்.